ஆனைச்சுவடி: ‘யானைக்கால் செடி’ என்று எழுதாதீர்கள்

பெரியம்மா ஒரு துண்டுத்தாளை நீட்டினார். பலமுறை மடித்து முந்தானையில் முடிந்து வைத்திருந்த தாள், மடிப்புகளில் எழுத்து தேய்ந்திருந்தது. மேலே தடித்த எழுத்தில் ‘யானைக்கால் மூலிகைச் சூரணம்’. அடியில் பொடி எழுத்தில் தாவரப் பெயர்: எலிஃபன்டோபஸ் ஸ்காபர். “இது என் காலுக்குத்தானே தம்பி? பேரே அப்படித்தானே போட்டிருக்கு?” என்று கேட்டார். அவருக்கு இடது காலில் பல ஆண்டுகளாக யானைக்கால் நோய்.

தாளை எழுதியவர் ஏமாற்ற நினைத்தார் என்று நான் சொல்லமாட்டேன். ஆங்கிலத்தில் ‘எலிஃபன்ட்ஸ் ஃபுட்’ என்று இருந்திருக்கும். எலிஃபன்ட் யானை, ஃபுட் கால். இரண்டையும் சேர்த்து எழுதிவிட்டுப் போயிருக்கிறார். இதே சொல்லை மூலிகைப் பட்டியல்களில் பார்த்திருக்கிறேன், பேச்சில் கேட்டிருக்கிறேன். ஒவ்வொரு முறையும் ‘சரி, போகட்டும்’ என்று விட்டிருக்கிறேன். அந்தத் தாளைப் பார்த்த பிறகு அப்படி விட மனம் வரவில்லை.

சொல்லின் பிறப்பு எளிது. எலிஃபாஸ் என்றால் கிரேக்கத்தில் யானை, பூஸ் என்றால் அடி. ஆக்டோபஸில் வரும் அதே ‘பஸ்’தான் இங்கும் வருகிறது. ஸ்காபர் என்பது லத்தீன், சொரசொரப்பானது என்று பொருள். இலையைத் தடவினால் அந்தச் சொரசொரப்பு கையில் தெரியும். எலிஃபன்டோபஸ் சூரியகாந்திக் குடும்பத்தைச் சேர்ந்த பேரினம், அதாவது நெருங்கிய உறவுள்ள பல இனங்களின் தொகுப்பு. பெரும்பாலான இனங்கள் வெப்பமண்டல அமெரிக்காவுக்கு உரியவை. ஆசியாவில் பரவலாகக் கிடைப்பது ஸ்காபர். காய்ச்சல், நீர்க்கடுப்பு, வயிற்றுப்போக்கு முதலியவற்றுக்கு நாட்டு மருத்துவம் பயன்படுத்திவந்த செடி இதுதான்.

இதற்குத் தமிழில் பெயர் இல்லாமல் இல்லை. ஆனைச்சுவடி. எழுத்துநடையில் யானைச்சுவடி. யாரும் குழு கூடிப் புனைந்த கலைச்சொல் அல்ல, செடியைப் பார்த்தவர்கள் வைத்த பெயர். பெரியம்மாவிடம் “இது ஆனைச்சுவடி பெரியம்மா” என்று சொன்னதும் அவர் முகம் மாறியது. “தரையோட தரையா ஒட்டிக் கிடக்குமே, அதுவா?” என்றார். அதுவேதான். இலைகள் வேர்க்கழுத்திலிருந்து நாலாபுறமும் வட்டமாக விரிந்து மண்ணோடு படிந்து கிடக்கும். கனத்த ஒன்று மிதித்துவிட்டுப் போன இடம்போல இருக்கும். நடுவிலிருந்து விறைப்பான தண்டு எழும்பும். அதன் நுனியில் இதய வடிவிலான மூன்று சிற்றிலைகள் தாங்கிப் பிடிக்க, ஊதா நிறத்தில் பூக்கொத்து. பூவைப் பார்க்காமலே, கிடக்கும் கிடையை வைத்து அடையாளம் சொல்லிவிடலாம்.

‘கால்’ ஏன் தவறு என்பதற்கு முதல் காரணம் இந்தக் கிடைதான். தமிழில் கால் என்பது இடுப்பிலிருந்து விரல் வரைக்கும். யானையைத் தடவிப் பார்த்த குருடர் கதையில் காலைத் தொட்டவர் என்ன சொன்னார்? உரல் என்றார். யானைக்கால் என்றதும் தமிழ் மனத்தில் எழுவது உரலும் தூணும், அதாவது நிமிர்ந்து நிற்கும் ஒன்று. இந்தச் செடியின் இலைகளோ படுத்துக் கிடக்கின்றன. யானையின் உறுப்பு எதையும் நினைவூட்டவில்லை, யானை போன பிறகு மண்ணில் எஞ்சியிருப்பதை நினைவூட்டுகின்றன. அதற்குத் தமிழில் சுவடு என்று பெயர். அடி வேறு, அடி பட்ட தடம் வேறு. கிரேக்கப் பெயர் அடி என்பதோடு நின்றுவிட்டது. தமிழ்ப் பெயர் ஒரு படி மேலே போய்த் தடத்தைச் சொல்கிறது. பார்த்தவர் கண் கூர்மையானது.

இரண்டாவது காரணம் இன்னும் பெரியது. யானைக்கால் என்ற கூட்டுச்சொல் தமிழில் காலியாக இல்லை. அதில் ஒரு நோய் குடியிருக்கிறது. யாரிடமாவது ‘யானைக்கால்’ என்று மட்டும் சொல்லிப் பாருங்கள், மிருகக்காட்சிசாலையை நினைக்கமாட்டார்கள். வீங்கிய காலைத்தான் நினைப்பார்கள். அந்தச் சொல்லோடு ‘மூலிகை’யைச் சேர்த்தால் ‘யானைக்கால் நோய்க்கான மூலிகை’ என்றுதான் தமிழ் இலக்கணம் பொருள் கொள்ளச் சொல்கிறது. சளி மருந்து, பல்வலிப் பூண்டு, வெட்டுக்காயப் பூண்டு எல்லாம் அப்படித்தானே விரிகின்றன? பெரியம்மா படித்ததில் பிழையே இல்லை, எழுதியதில்தான் பிழை. யானைக்கால் நோய் கொசு வழியாக உடலுக்குள் புகும் நூற்புழுவால் வருவது. அந்தப் புழுவுக்கு டைஎத்தில்கார்பமசின் முதலிய மருந்துகள் இருக்கின்றன. முற்றிய வீக்கத்துக்குக் காலைத் தினமும் கழுவித் துடைத்துப் புண் வராமல் காப்பது முக்கியம். ஒரு பெயரை நம்பி அதையெல்லாம் ஒத்திப்போட்டால் என்ன ஆகும்?

மொழிபெயர்ப்பாளர்களை யானை இடறிவிட்டது இது முதல் தடவையல்ல. கிரேக்க மருத்துவர்கள் எலிஃபன்டயாசிஸ் என்றது தொழுநோயை. தோல் தடித்து யானைத்தோல் போல ஆவதால் அந்தப் பெயர். அரபு மருத்துவர்கள் கால் வீங்கும் நோயை ‘யானை நோய்’ என்ற பொருள்பட தாஉல் ஃபீல் என்றார்கள். தொழுநோய்க்கு அவர்களிடம் வேறு சொல் இருந்தது. பிறகு அரபு நூல்களை லத்தீனுக்குக் கொண்டுபோனவர்கள் தாஉல் ஃபீலைப் பார்த்ததும், யானை என்றால் எலிஃபன்டயாசிஸ்தான் என்று போட்டுவிட்டார்கள். வெவ்வேறான இரண்டு நோய்கள் ஒரே பெயருக்குள் போய்ச் சிக்கி, ஐரோப்பிய மருத்துவம் நெடுங்காலம் குழம்பியது. சொல்லுக்குச் சொல் சரியாகத்தான் பெயர்த்தார்கள். எதைக் குறிக்கிறது என்று மட்டும் கேட்கவில்லை.

யானைப்பாதம் என்று எழுதுவோரும் உண்டு. நோயோடு குழப்பம் வராது, அந்த மட்டில் மேல். ஆனாலும் வாய்க்கு வராத சொல், யாரும் அப்படிச் செடியைக் கூப்பிட்டதில்லை. யானையடி என்றால் நான் எதிர்க்கமாட்டேன், மலையாளத்தில் ஆனயடி என்ற வழக்கும் இருக்கிறது. தூய தமிழ் ஆர்வமுள்ள நண்பர் ஒருவர் ‘களிற்றடி’ என்று ஆக்கிக் காட்டினார். களிறு ஆண்யானை. ஆண்யானைக்கு மட்டும் இங்கே என்ன வேலை? யானை, சுவடு இரண்டுமே தமிழ்ச்சொற்களாக இருக்கும்போது, பழைய இலக்கியச் சொல்லை எடுத்து ஒட்டுவதால் தூய்மை கூடிவிடாது. தெளிவுதான் குறையும்.

சுவடி என்றால் ஏட்டுச்சுவடி ஆயிற்றே, யானை ஏன் ஓலைச்சுவடி வைத்திருக்கிறது என்று கேட்டவர்களும் இருக்கிறார்கள். நியாயமான கேள்விதான், விடையும் நேரானது. இந்தச் சுவடி, சுவடு என்பதோடு இகர விகுதி சேர்ந்தது. தமிழ்ச் செடிப்பெயர்களில் இந்த இகரம் நிறைய வேலை செய்கிறது. பூனையின் காலைப் போன்ற காயுடையது பூனைக்காலி. தொட்டால் சிணுங்குவது தொட்டாற்சிணுங்கி. அந்த வரிசையில் ஆனையின் சுவடு போலக் கிடப்பது ஆனைச்சுவடி. கால்தான் வேண்டும் என்று பிடிவாதம் பிடிப்பவர்கூட, தமிழ் மரபுப்படி யானைக்காலி என்று ஆக்கியிருக்க வேண்டும். யானைக்கால் என்று மொட்டையாக நிறுத்தியதே, பெயரை ஆக்கியவர் செடிப்பெயர்களின் போக்கைக் கவனிக்கவில்லை என்பதற்குச் சான்று.

இன்னொன்றும் கவனிக்கத் தக்கது. செடிப்பெயர் முன்னால் ஆனை வந்தால் பெரும்பாலும் ‘பெரிய’ என்று பொருள். ஆனைநெருஞ்சில், ஆனைத்திப்பிலி, ஆனைக்கற்றாழை எல்லாம் அந்த வகை. ஆனைச்சுவடியில் மட்டும் ஆனை உண்மையான ஆனை. இந்த வேறுபாடு தெரியாததால் ஆனைச்சுவடியையும் ஆனைநெருஞ்சிலையும் ஒன்றாகப் போட்டுக் குழப்புகிறார்கள். ஆனைநெருஞ்சில் எள்ளுக் குடும்பம், மஞ்சள் பூ, முள் காய். இதற்கும் அதற்கும் ஒட்டும் இல்லை உறவும் இல்லை. வடமொழிப் பெயரைப் பிடித்துக்கொண்டு போனாலும் சிக்கல்தான். கோஜிஹ்வா, அதாவது பசுநாக்கு என்ற பெயரை வேறொரு செடிக்கும் வழங்குகிறார்கள்.

யானைத் தடத்தைக் கண்டவர்கள் நாம் மட்டுமல்ல. இந்தோனேசியாவில் இதன் பெயர் தாபாக் லிமான். தாபாக் என்றால் உள்ளங்கால், அது பட்ட தடம். லிமான் என்றால் யானை. யானையோடு வாழ்ந்தவர்கள் ஒரே காட்சியை வெவ்வேறு மொழிகளில் சொல்லியிருக்கிறார்கள்.

அச்சு வரலாற்றைப் பார்த்தால் இன்னும் ஆதங்கமாக இருக்கிறது. கொச்சியில் டச்சு ஆளுநராக இருந்த வான் ரீடு, இட்டி அச்சுதன் உள்ளிட்ட உள்ளூர் வைத்தியர்களின் அறிவைத் திரட்டி உருவாக்கிய, மலபார்ச் செடிகளைப் பற்றிய ‘ஹோர்த்துஸ் மலபாரிக்கஸ்’ 1678 முதல் 1693 வரை ஆம்ஸ்டர்டாமில் 12 தொகுதிகளாக வெளிவந்தது. அதன் பத்தாம் தொகுதியில் இந்தச் செடி ‘ஆனச்சுவடி’ என்ற மலையாளப் பெயரிலேயே படத்தோடு இருக்கிறது. ஸ்வீடன் நாட்டுத் தாவரவியலாளர் லின்னேயஸ் எலிஃபன்டோபஸ் ஸ்காபர் என்று பெயரிட்டது 1753இல். அதாவது ஸ்காபர் என்ற பெயர் பிறக்கும் முன்பே சுவடி ஐரோப்பிய அச்சில் ஏறிவிட்டது. அந்தப் பெயர் நம் வீட்டில் இருக்க, கிரேக்கத்தை ஆங்கிலமாக்கி, ஆங்கிலத்தைத் தமிழாக்கி, யானைக்கால் என்று திரும்ப வாங்கிவருகிறோம்.

இது ஒரு செடியோடு நிற்கும் வழக்கமும் அல்ல. சேனைக்கிழங்கை ‘யானைக்கால் கிழங்கு’ என்று எழுதியதைப் படித்தேன், அங்கேயும் ஆங்கிலப் பெயரில் யானையும் காலும் இருந்ததுதான் காரணம். சூரியகாந்திக் குடும்பம் என்று பள்ளிப் பிள்ளைக்கும் தெரிந்த பெயர் இருக்க, ‘டெய்சி குடும்பம்’ என்று எழுதுகிறார்கள். டெய்சியைப் பார்த்திராத வாசகருக்கு அது என்ன சொல்லும்? பல சிறுபூக்கள் கூடி ஒரே பூப்போலத் தோன்றும் குடும்பம் என்று ஒரு வரி சேர்த்தால், சூரியகாந்தியை நினைத்த மாத்திரத்தில் விளங்கிவிடும். அகராதியில் வலப்பக்கம் இருக்கும் முதல் சொல்லை எடுப்பதற்கு முன், பொருளுக்கு ஏற்கெனவே பெயர் இருக்கிறதா என்று ஒருவரிடம் கேட்டால் போதும். பெரும்பாலும் வயதான ஒருவருக்குத் தெரிந்திருக்கும்.

பேரினம் முழுவதற்கும் ஆனைச்சுவடி பொருந்துமா என்று கேட்கலாம். எலிஃபன்டோபஸ் மாலிஸ் போன்றவற்றில் இலைகள் தரையில் படியாமல் தண்டு நெடுக ஏறியிருக்கும், சுவடு தெரியாது. ஆனால் கிரேக்கப் பெயருக்கும் அங்கே அதே கதிதான், மாலிஸில் யானையின் அடியும் தெரியாது. நன்கறிந்த ஓர் இனத்தின் பெயரை உறவுக்கெல்லாம் நீட்டுவது தாவரவியலில் வழக்கம். ஆகவே பேரினத்தை ஆனைச்சுவடிப் பேரினம் என்றும், ஸ்காபரை வெறும் ஆனைச்சுவடி என்றும் எழுதலாம். மாலிஸ் என்றால் மென்மையானது. அதை மெல்லானைச்சுவடி என்று ஒட்டாமல், படிக்க எளிதாக மென் ஆனைச்சுவடி என்று பிரித்தே எழுதுங்கள்.