மாவடுவும் வின்னிபெக் ஹாலிஹாக்கும்

பாளையங்கோட்டை வாசகி ஒருவர் கேட்டிருக்கிறார். அவருடைய மகள் கனடாவில் வின்னிபெக் நகரத்தில் இருக்கிறாள். ஹாலிஹாக் என்ற பூச்செடியின் விதை வாங்கி, பாதியைப் பக்கத்து வீட்டுக்குக் கொடுத்துவிட்டு மீதியைத் தன் பால்கனித் தொட்டியில் போட்டிருக்கிறாள். முதல் வருஷம் இரண்டும் உள்ளங்கை அகலத்துக்கு இலை விட்டுச் செழித்தன. பனிக்காலம் முடிந்ததும் பக்கத்து வீட்டுத் தரையில் இருந்தது துளிர்த்து, கோடையில் ஆறடிக்கு நிமிர்ந்து பூத்தது. தொட்டியில் இருந்தது கூழாகிக் கிடந்தது. "ரெண்டுக்கும் ஒரே குளிர்தானே? கண் பட்டிருக்குமோ?"

ஹாலிஹாக்கின் பூவைப் பார்த்தாலே நமக்கு யார் வீட்டுப் பிள்ளை என்று தெரிந்துவிடும். செம்பருத்தி, பூவரசு, வெண்டை, கரிசல்காட்டுப் பருத்தி எல்லாம் அதற்குச் சொந்தம். பொதுவாக முதல் வருஷம் இலை, ஒரு குளிர்காலத்தைக் கடந்து அடுத்த வருஷம் பூத்தண்டு. ஆகவே குளிர் அதற்குப் பகை இல்லை.

சரி, ஒரே குளிர்தானா? இல்லை. வின்னிபெக்கில் ஜனவரி இரவுகள் மைனஸ் 30 டிகிரியைக்கூடத் தொடும். ஆனால் தரைக்குள் கோடையில் சேர்ந்த வெப்பம் கீழிருந்து மெல்ல ஏறிவருகிறது. மேலே கிடக்கும் வெண்பனி, தனக்குள் காற்றை அடைத்து வைத்திருப்பதால் கம்பளி போல மூடிக்கொள்கிறது. தொட்டிக்கு இந்த இரண்டும் கிடையாது. நாலு பக்கமும் காற்று. ஓரிரு நாளில் உள்ளே இருக்கும் மண்ணும் வெளிக்காற்றின் குளிருக்கே போய்விடும்.

பாட்டில் நிறையத் தண்ணீர் ஊற்றி ஃப்ரீசரில் வைத்தால் வெடிக்கும்; தண்ணீர் உறையும்போது கிட்டத்தட்ட 9 சதவீதம் பருக்கிறது. செடியின் செல்லும் அப்படித்தான் வெடித்துச் சாகிறது என்று கல்லூரி முடிக்கும்வரை நானும் நினைத்திருந்தேன். நடப்பது வேறு. குளிருக்குப் பழகிய செடியில் பனிக்கட்டி முதலில் செல்லுக்குள் உருவாவதில்லை, செல்களுக்கு இடையே இருக்கும் சந்துகளில் உருவாகிறது. அங்கே இருக்கும் நீர் கரைபொருள் குறைந்த நீர் என்பதால் சீக்கிரம் உறைகிறது.

அடுத்து நடப்பதை மாவடு போட்ட வீடுகளில் எல்லோரும் பார்த்திருப்பார்கள். வடுவில் உப்பைப் போட்டுக் குலுக்கி வைக்கிறோம். ஒரு சொட்டுத் தண்ணீர் ஊற்றுவதில்லை. மூன்றாம் நாள் ஜாடியில் தண்ணீர் நிற்கிறது, வடு சுருங்கியிருக்கிறது. செடிக்குள் பனிக்கட்டிதான் உப்பின் வேலையைப் பார்க்கிறது. உறையும்போது தண்ணீர் மட்டும் பளிங்காகிறது. கரைந்திருந்த உப்புகள் மிச்ச நீரிலேயே தங்கிவிட, அது அடர்ந்துகொண்டே போகிறது. அந்த அடர்ந்த நீர் செல்லுக்குள் இருக்கும் தண்ணீரை வெளியே இழுக்கிறது. செல் சுருங்குகிறது. உள்ளே இருக்கும் சாறோ, பதநீர் காய்ந்து கூப்பனி ஆவது போலக் கெட்டியாகிறது. கெட்டிச் சாறு எளிதில் உறையாது. எத்தனை தடவை யோசித்தாலும் எனக்கு இது புல்லரிக்கிறது. பனிக்கட்டியைத் தடுக்க முடியாத செடி, அதற்கு வெளியே இடம் கொடுத்துவிட்டு, இழந்த தண்ணீராலேயே தன்னைக் காத்துக்கொள்கிறது.

இதற்கு எல்லை உண்டு. தண்ணீர் அளவுக்கு மீறிப் போனால் செல்லின் சவ்வுகள் ஒன்றோடொன்று ஒட்டிச் சிதையும். பனி உருகும்போது எல்லாம் கசிந்துவிடும். தொட்டியில் கண்ட கூழ் அதுதான்.

அந்த எல்லையைத் தள்ளிப்போட, பகல் குறுகக் குறுகவே செடி தயாராகிறது. சர்க்கரை சேர்க்கிறது. சவ்வில் இருக்கும் கொழுப்பையும் மாற்றுகிறது. மார்கழிக் காலையில் தேங்காய் எண்ணெய் உறைந்திருக்க, பக்கத்தில் நல்லெண்ணெய் இளகியே இருக்கிறதல்லவா? தேங்காய் எண்ணெய் ரகத்தைக் குறைத்து நல்லெண்ணெய் ரகத்தைக் கூட்டுகிறது என்று சொன்னால் தவறில்லை. இந்தத் தயாரிப்பை முடுக்கிவிடும் சிபிஎஃப் மரபணுக்களில் முதலாவதை 1997-ல் அறிவித்தது அமெரிக்காவின் மிச்சிகன் மாநிலப் பல்கலைக்கழகத்தில் மைக்கேல் தோமஷோவின் குழு. குளிர் பட்ட கால் மணி நேரத்திலேயே அவை விழித்துக்கொள்கின்றன. ஆராய்ந்த செடி அராபிடாப்சிஸ், கடுகுக்குச் சொந்தமான, யாரும் விலைக்குக் கேட்காத களை. அப்படி ஒரு களைக்குப் பணம் ஒதுக்க நம் நாட்டிலும் மனம் வர வேண்டும். "விளைச்சல் எவ்வளவு கூடும்?" என்று எடுத்த எடுப்பில் கேட்டால் இதுபோன்ற கேள்விகள் பிறக்கவே பிறக்காது.

தொட்டிக்கு வருவோம். இப்படிக் குளிருக்குப் பழகுவதில் வேர் பின்தங்கியது. மண்ணுக்குள் இதமாகவே இருந்து வந்ததால் அது தண்டு அளவுக்குக் குளிர் தாங்காது. பல செடிகளில் மைனஸ் 5 முதல் மைனஸ் 10 டிகிரிக்குள்ளேயே வேர் சாகத் தொடங்கிவிடும். பால்கனியில் மைனஸ் 30 அடித்தது அந்த வேரில்தான். கண்ணேறு என்று சொல்லி எலுமிச்சம்பழம் கட்டியிருந்தால், அம்மா, அடுத்த வருஷமும் இதே கதைதான்.

மகள் செய்ய வேண்டியது இது. நம்மூர் மண்தொட்டி வேண்டாம், அதன் துளைகளில் ஊறிய நீர் உறைந்து தொட்டியையே பிளந்துவிடும். ஆழமான பிளாஸ்டிக் தொட்டியோ மரத்தொட்டியோ நல்லது. ஹாலிஹாக்கின் ஆணிவேர் நீளமானது, ஆறடித் தண்டு காற்றில் சாயாமலிருக்கவும் கனம் வேண்டும். ஆகஸ்டுக்குப் பிறகு தழைச்சத்து உரம் கூடாது, இளந்துளிருக்குக் குளிருக்குப் பழக அவகாசம் இருக்காது. தரை உறைவதற்கு முன்பே பக்கத்து வீட்டுத் தோட்டத்தில் குழி தோண்டி, தொட்டியை விளிம்புவரை இறக்கி, மேலே உலர்ந்த இலையைக் குவித்துவிடட்டும். அதற்கு வழி இல்லையென்றால் வீட்டை ஒட்டிய, ஹீட்டர் இல்லாத கராஜில் வைக்கலாம். கூடத்துக்குள் மட்டும் கொண்டுவர வேண்டாம், பூப்பதற்கு அந்தக் குளிர் வேண்டும். ஏப்ரலில் மண் இளகியதும் விரல்விட்டு வேரைத் தொட்டுப் பார்க்கட்டும். வெள்ளையாய், விறைப்பாய் இருந்தால் உயிர் இருக்கிறது, மெல்லத் தண்ணீர் விட ஆரம்பிக்கலாம்.