விமானம் போன பிறகு அசையும் இலைகள்

அமெரிக்கரான ஜேம்ஸ் பென்னிங் கணிதம் படித்துவிட்டு சினிமாவுக்கு வந்தவர். கேமராவை முக்காலியில் நிறுத்தி ஓடவிடுவார், அப்புறம் தொடமாட்டார். 2004-இல் வெளியான '13 ஏரிகள்' படத்தில் ஏரிக்கு ஒரு ஷாட், ஒவ்வொன்றும் 10 நிமிடம். ஏதோ தியானக் கணக்கு என்று தோன்றும். ஆனால் இதில் பிலிமுக்கும் பங்குண்டு. 16 மி.மீ. பிலிமில் அடிக்கு 40 ஃபிரேம்கள், அதாவது தனித்தனிப் படச் சட்டங்கள். 400 அடிச் சுருளில் 16,000. நொடிக்கு 24 வீதம் ஓடினால் சுருள் 11 நிமிடத்தில் தீர்ந்துவிடும்.

2009-இல் 'ரூர்' படத்தில் டிஜிட்டலுக்கு மாறியதும் அந்தக் கட்டுப்பாடு போயிற்று. ஜெர்மனியின் ரூர் தொழில் வட்டாரத்தைப் பற்றிய படம் அது. டியூசல்டோர்ஃப் விமான நிலையத்தை ஒட்டிய காடு ஒரு ஷாட்டில் வருகிறது. மரங்கள் மட்டும்தான். இரைச்சலோடு ஒரு விமானம் மேலே கடந்து போகிறது. பிறகு அமைதி. அதற்கும் பிறகு, காற்றே இல்லாத இடத்தில் இலைகள் திடீரென்று படபடக்கின்றன.

காரணம் இறக்கையில் இருக்கிறது. இறக்கைக்குக் கீழே காற்றழுத்தம் அதிகம், மேலே குறைவு. அதனால் கீழ்க்காற்று இறக்கை நுனியைச் சுற்றி மேலேறி, விமானத்தின் பின்னால் இரண்டு சுழல்களாக நீள்கிறது. இந்தச் சுழல்கள் நிமிடத்துக்குச் சுமார் 90 முதல் 150 மீட்டர் வேகத்தில் கீழே இறங்கும். மர உச்சிக்கு 60 மீட்டர் மேலே விமானம் போனதாக வைத்துக்கொண்டால், சுழல் இலையைத் தொட அரை நிமிடம்போல ஆகும். சத்தம் போய்விட்டது, காரணம் இன்னும் வந்துகொண்டிருக்கிறது!

வழக்கமான படமாக இருந்தால் அந்த அரை நிமிடத்துக்குள் பல 'கட்'டுகள், அதாவது ஷாட் மாற்றங்கள், விழுந்திருக்கும். ஒவ்வொரு கட்டுக்குப் பிறகும் நம் கண் பெரும்பாலும் திரையின் நடுவுக்கு ஓடி, புதிதாகத் தேடத் தொடங்குகிறது. எதைப் பார்ப்பது என்பதை எடிட்டர் முடிவு செய்துவிடுகிறார். கட்டே இல்லாதபோது அந்த வேலை நம் தலையில் விழுகிறது. மூளை சும்மா இருப்பதில்லை. அடுத்து என்ன என்று கணித்துக்கொண்டே இருக்கும். கணிப்பு சரியாக இருக்கும்வரை கவனம் தளரும், பிசகினால் விழித்துக்கொள்ளும். முதல் முறை இலை அசைவது பிசகு. இரண்டு மூன்று விமானங்கள் போனதும், இரைச்சல் அடங்கும்போதே கண் இலைகளுக்குப் போய்விடுகிறது. யாரும் சொல்லித்தராமலே ஒரு காரண காரியத்தையும் அதன் இடைவெளியையும் கற்றுக்கொண்டுவிட்டோம்.

இடையில் அலுப்பு வரும், அதை மறைக்க வேண்டியதில்லை. இதைக் கைபேசியில் பார்ப்பதும் வீண் என்பேன். இலையசைவு அந்தச் சின்னத் திரையில் தெரியாது.

'ரூர்' படத்தின் கடைசி ஷாட் ஒரு மணி நேரம்: டுயிஸ்பர்க்கில் உள்ள ஒரு கல்கரி ஆலையின் கோபுரம். அங்கே காற்றுப் படாமல் நிலக்கரியைச் சுட்டு, செக்கச்செவேல் என்று வரும் கல்கரியைத் தண்ணீர் ஊற்றி அணைப்பார்கள். கிளம்பும் நீராவியில் கோபுரமே மறைந்துவிடும். நீராவி கலைய, அடுத்த சரக்கு வர, மறுபடியும் அதேதான். காட்டில் கற்ற பாடம் இங்கே உடனே வேலைக்கு வருகிறது: அடுத்த நீராவி எப்போது என்று மனம் தானாகவே நேரத்தை எண்ணத் தொடங்கிவிடுகிறது.