இன்சொலேஷன் என்றால் வெயில்வரவு

கொழும்பு வெள்ளவத்தையில் சித்தப்பா வீட்டு மேசையில் ஒரு சோலர் கொட்டேஷன் கிடந்தது. 'இன்சொலேஷன்' என்ற ஆங்கில வரிக்கு நேரே தமிழில் 'காவலிடல்' என்று அச்சடித்திருந்தார்கள். அதன் கீழே, 'நாளொன்றுக்கு 5 மணித்தியாலம்'. "என்ன தம்பி, அஞ்சு மணித்தியாலம்தான் இது வேலை செய்யுமோ?" என்று கேட்டார் சித்தப்பா.

ஆங்கிலத்தில் ஓரெழுத்து மாறியதால் வந்த பிழை அது. மின்கம்பிக்கு உறை போடும் காவலிடல் 'இன்சுலேஷன்'. தீவைக் குறிக்கும் 'இன்சுலா' என்ற லத்தீன் சொல்லிலிருந்து வந்தது. தீவுபோலப் பிரித்து வைப்பது. இன்சொலேஷனின் வேர் 'சோல்', அதாவது சூரியன். 'இன்சொலாரே' என்றால் வெயிலில் வைத்தல். அம்மம்மா பாயை விரித்து ஒடியலையும் செத்தல் மிளகாயையும் காயப்போட்டாரே, அதுதான் இந்தச் சொல்லின் முதற்பொருள். இன்று அது, ஒரு சதுர மீற்றர் பரப்பில் குறித்த நேரத்துக்குள் விழுந்து சேரும் சூரிய சக்தியைக் குறிக்கிறது.

தமிழில் பலரும் 'சூரியக் கதிர்வீச்சு' என்று எழுதுகிறார்கள். எனக்கு அது போதவில்லை. கதிர்வீச்சு சூரியன் செய்வது. நமக்கு வேண்டியது கூரைக்கு வந்து சேர்ந்த கணக்கு. பள்ளிக்கூடத்தில் படித்த 'படுகதிர்' (ஒரு பரப்பில் வந்து விழும் கதிர்) வழியில் 'படுவெயில்' எனலாமென்றால், கொளுத்தும் வெயில் என்றே காதில் விழும். ஆகவே 'வெயில்வரவு' என்கிறேன். வரவு என்றதுமே எவ்வளவு, எத்தனை மணிக்கு என்று கேட்கத் தோன்றும். அந்தந்தக் கணத்தில் வெயில் விழும் வேகம் வேறு. அது 'கதிர்ச்செறிவு', சதுர மீற்றருக்கு இத்தனை வாற்று என்று அளப்பது. வெயில்வரவைச் சதுர மீற்றருக்கு இத்தனை வாற்று மணித்தியாலம் என்று அளப்பார்கள்.

இனிச் சித்தப்பாவின் ஐந்து மணித்தியாலம். கொழும்பில் ஒரு சதுர மீற்றருக்கு நாளொன்றுக்குச் சராசரியாக ஏறக்குறைய 5 கிலோவாற்று மணித்தியாலம் வெயில்வரவு உண்டு. உச்சி வெயிலைச் சதுர மீற்றருக்கு 1000 வாற்று என்று வைத்தால், அந்த வரவு முழுவதும் ஐந்து மணித்தியால உச்சி வெயிலுக்குச் சமம். பனல் என்னவோ விடிந்தது முதல் பொழுதுபடும்வரை வேலை செய்யும். ஒரு கிலோவாற்றுப் பனலுக்குக் கணக்குப்படி நாளுக்கு 5 யூனிட் (கிலோவாற்று மணித்தியாலம்). சூடு, இன்வேர்ட்டர் இழப்பெல்லாம் போக ஏறத்தாழ 4 கைக்கு வரும்.

மணிவாரியாகப் பிரிக்க ஓர் எளிய வழி உண்டு. கொழும்பு 7 பாகை வட அகலக்கோட்டை ஒட்டி இருப்பதால் வருடம் முழுக்கப் பகல் ஏறத்தாழ 12 மணித்தியாலம். அந்த 12ஐயும், காலையில் ஏறி நடுப்பகலில் உச்சம் தொட்டு மாலையில் இறங்கும் ஒரு சைன் வளைவின் மேற்பாதியாக எடுத்து 5 கிலோவாற்று மணித்தியாலத்தையும் பரப்பினால் காலை 6-7க்கு 0.09, 7-8க்கு 0.25, 8-9க்கு 0.40, 9-10க்கு 0.52, 10-11க்கு 0.60, 11-12க்கு 0.65. பின்னேரத்தில் இதே எண்கள் தலைகீழாக இறங்கும். முதற்கணிப்புக்கு இது போதும்; உண்மையில் நடுப்பகல் இன்னும் கொஞ்சம் உயர்ந்தும் காலையும் மாலையும் தாழ்ந்தும் இருக்கும்.

சித்தப்பாவின் மொட்டைமாடிக்கு மேற்கே புதிதாக ஓர் அடுக்குமாடி எழும்பிவிட்டது. மூன்று மணிக்கெல்லாம் அதன் நிழல் தண்ணீர்த் தாங்கியைத் தாண்டிப் படர்கிறது. மூன்றிலிருந்து ஆறுவரை கூட்டினால் 0.74, கிட்டத்தட்ட ஏழில் ஒரு பங்கு. நிழலிலும் வானொளி கொஞ்சம் கிடைக்கும். ஆனால் அந்தப் பங்கில் பெரும்பகுதி போய்விடும். கொட்டேஷனில் இருந்த 5இல் இந்த நிழல் கழிக்கப்படவே இல்லை.