கல்லுக்குச் செலவில்லை, கடலுக்குத்தான்

கையில் ஒரு போனை வைத்துக்கொண்டு, ரொறன்ரோவிலும் இலண்டனிலும் இருக்கும் சொந்தக்காரரைத் திருகோணமலையின் பிரெட்ரிக் கோட்டை வாசலில் இருந்து கோணேசர் கோயில் வரை நேரலையில் கூட்டிக்கொண்டு போவது இன்றைக்குப் பெரிய காரியமில்லை. அவர்கள் நடுவிலே கேள்வி கேட்கலாம், நிற்கச் சொல்லலாம், திரும்பிப் பார்க்கச் சொல்லலாம். இதில் ஒரு வேடிக்கை இருக்கிறது. மதிலையும் மண்டபத்தையும் காட்டும்வரை படம் கண்ணாடி போல வரும். கோயில் நிற்கும் சுவாமி மலையின் விளிம்புக்குப் போய்க் கீழே அடிக்கும் கடலைக் காட்டியதும் படம் கலங்கும், கட்டம் கட்டமாக உடையும், சிலவேளை நின்றே போகும். காற்றையும் கவரேஜையும் திட்டுவோம். பாதிக் குற்றம் அவற்றில் இல்லை, கடலில்தான் இருக்கிறது.

கணக்கைப் பார்த்தால் புரியும். முழு எச்டி படம் என்பது 1920 புள்ளி அகலம், 1080 புள்ளி உயரம். மொத்தம் 20 இலட்சத்துக்கும் மேற்பட்ட புள்ளிகள். ஒவ்வொரு புள்ளியின் நிறத்துக்கும் 24 பிட், அதாவது 0 அல்லது 1 என்ற இலக்கங்கள் 24. செக்கனுக்கு 30 படம். பெருக்கினால் செக்கனுக்கு ஏறக்குறைய 150 கோடி பிட். போனில் இருந்து நேரலைக்கு நம்பி அனுப்பக்கூடியது செக்கனுக்கு 50 இலட்சம் பிட் என்று வைத்துக்கொள்வோம். அதுவும் நல்ல நாளில். அப்படியென்றால் கமெரா பார்த்ததில் முந்நூறில் ஒரு பங்குதான் கோட்டையை விட்டு வெளியே போகிறது. மற்ற 299 பங்கையும் போனுக்குள் இருக்கும் ஒரு சின்னச் சில்லு (சிப்) அந்த இடத்திலேயே கழித்துவிடுகிறது. எதைக் கழிப்பது, எதை வைத்திருப்பது என்று அது எடுக்கும் முடிவுதான் இந்தச் சுற்றுலாவின் தரம் முழுவதையும் தீர்மானிக்கிறது.

முதலில் நிறத்தில் கை வைக்கும். நம் கண் வெளிச்ச வேறுபாட்டை நுணுக்கமாகப் பார்க்கும், நிற வேறுபாட்டை அவ்வளவாகப் பார்க்காது. அதனால் நான்கு புள்ளிக்கு ஒரு நிறம் என்று வைத்தாலே போதும். ஒருவருக்கும் தெரியாமல் பாதிச் சுமை இறங்கிவிடும்.

அடுத்ததுதான் பெரிய வெட்டு. இதன் கணிதத்தை 1974இல் வெளியிட்டவர்கள் நசீர் அகமது, டி. நடராஜன், கே. ஆர். ராவ் என்ற மூவர். அகமது பெங்களூரில் பிறந்தவர். இந்த யோசனையுடன் அமெரிக்க அரசின் அறிவியல் நிதியத்திடம் உதவி கேட்டபோது கைவிரித்துவிட்டார்கள் என்று அவரே பின்னர் எழுதியிருக்கிறார். ஜேபெக் படமும் இன்றைய வீடியோவும் அதன் மேலும் அதன் நெருங்கிய உறவுகளின் மேலும்தான் நிற்கின்றன. முறை இதுதான்: படத்தை எட்டுக்கு எட்டுப் புள்ளி கொண்ட சிறு கட்டங்களாகப் பிரிக்க வேண்டும். ஒரு கட்டத்தின் 64 புள்ளிகளை 64 எண்களாக மாற்றி எழுத வேண்டும். முதல் எண் அந்தக் கட்டத்தின் சராசரி வெளிச்சம். அடுத்தடுத்த எண்கள் அதில் இருக்கும் ஏற்ற இறக்கங்கள், அகலமானதில் தொடங்கிப் போகப் போக மெல்லிய கோடுகள் வரை. பெரும்பாலான படங்களில் கடைசி எண்கள் மிகச் சிறியவை. அவற்றைச் சுழியம் என்று வைத்துவிட்டால் யாரும் கவனிக்கமாட்டார்கள்.

யாரும் கவனிக்கமாட்டார்கள் என்பது பொதுவாகச் சரி. கோட்டை வாசலில் அது சரியில்லை.

அந்த வாசல் நிலையில் பழைய தமிழ்க் கல்வெட்டுத் துண்டு ஒன்று இருக்கிறது, இணைமீன் சின்னமும் இருக்கிறது. குளக்கோட்டன் என்ற மன்னன் செய்த திருப்பணியைப் பின்னாளில் பறங்கி (போர்த்துக்கேயர்) பிரிப்பான் என்று வருவதுரைக்கும் பாட்டாக அந்தக் கல்வெட்டை வாசிக்கிறார்கள். 1622இல் போர்த்துக்கேயர் கோயிலை இடித்து, அந்தக் கற்களையே கோட்டைக்கு எடுத்தார்கள். 1639இல் ஒல்லாந்தர் பிடித்தார்கள், 1795இல் ஆங்கிலேயர். 1803இல் பிரெட்ரிக் என்று பெயர் வைத்தார்கள். கல் மட்டும் அப்படியே நிற்கிறது. எழுத்துகள் நன்றாகத் தேய்ந்துவிட்டன. கீறல் ஆழமில்லை, கீறலுக்குள்ளும் வெளியிலும் ஒரே சாம்பல் நிறம். இந்த மெல்லிய வேறுபாடு முழுவதும் போய் உட்காருவது, சில்லு சுழியம் வைக்கும் அந்தக் கடைசி எண்களில்தான். நேரே நின்று பார்ப்பவருக்கு ஓர் எழுத்தாவது பிடிபடும், ரொறன்ரோவில் பார்ப்பவருக்கு வழுவழுப்பான கல்தான் தெரியும். வழிகாட்டி கையை நீட்டி இந்தா பாருங்கோ என்று சொல்ல, அங்கே ஒன்றும் இல்லை!

இதற்கு வழி உண்டு. ஒரு டோர்ச்சைக் கல்லோடு ஒட்டினாற்போலப் பக்கவாட்டில் பிடித்தால், ஒவ்வொரு கீறலின் விளிம்பிலும் கருநிழல் விழும். மெல்லிய சாம்பல் வேறுபாடு கறுப்பு வெள்ளை வேறுபாடாகிவிட்டால் அந்த எண்கள் பெரிதாகும், சில்லு அவற்றைக் கழிக்காது. கல்வெட்டு ஆய்வாளர்களும் பல கோணங்களில் வெளிச்சம் பாய்ச்சிப் படம் எடுப்பது இதே காரணத்துக்காகத்தான். அப்புறம், போனை அசைக்காமல் ஐந்தாறு செக்கன் பிடித்தபடி நிற்க வேண்டும்.

ஏன் நிற்க வேண்டும் என்பதில்தான் வீடியோவின் சூட்சுமம் இருக்கிறது. செக்கனுக்கு 30 படம் என்றாலும் முப்பதையும் முழுமையாக அனுப்புவதில்லை. நேரலையில் வழக்கமாக இரண்டு செக்கனுக்கு ஒருமுறைதான் முழுப்படம் போகும். நடுவில் போவதெல்லாம் முன்னையதில் இருந்து என்ன மாறியது என்ற குறிப்பு. முந்தி ஊரில் இருந்து வந்த கடிதம் போலத்தான்: இங்கு யாவரும் நலம், பின்வளவு மாமரம் மட்டும் காற்றுக்கு விழுந்துவிட்டது. அசையாத மதிலுக்கு எழுத ஒன்றுமில்லை. போனை மெல்ல இடப்பக்கம் திருப்பினாலும் பெரிய செலவில்லை, இந்தக் கட்டம் இத்தனை புள்ளி தள்ளிப் போனது என்று ஒரு வரி போதும். மிஞ்சும் பிட்டுகள் எல்லாம் படத்தைத் துலக்கப் போகும். அதனால்தான் அசையாமல் பிடித்த கல், செக்கனுக்குச் செக்கன் தெளிந்துகொண்டே வரும்.

இப்போது கடலுக்கு வருவோம். கடலின் கட்டம் எதுவும் நகர்வதில்லை, உருமாறுகிறது. நுரை உடைகிறது, மினுக்கம் வந்து போகிறது. முன்னைய படத்தில் எங்கே தேடினாலும் அதைப் போன்ற கட்டம் கிடைக்காது. ஆகவே ஒவ்வொரு கட்டத்தையும் புதிதாக எழுத வேண்டியிருக்கிறது, செக்கனுக்கு 30 தடவை. சம்பந்தர் 7ஆம் நூற்றாண்டில் முத்துக் கொழிக்கும் அலை என்று பாடிய அதே அலைதான் சில்லைத் திணற வைக்கிறது. மொத்த அளவோ அதிகரிக்காது, அதே 50 இலட்சம். கடல் தின்றது போக மிச்சம்தான் மற்றதற்கு. எனவே கோபுரமும் கடலும் ஒரே படச்சட்டத்துக்குள் வந்தால் அலை மட்டும் கலங்காது, அசையாமல் நிற்கும் கோபுரமும் சேர்ந்து கலங்கும். காற்றில் ஆடும் இலைகளும் இதே வேலையைத்தான் பார்க்கும். கோட்டைக்குள் மேயும் புள்ளிமான்கள் படுத்துக் கிடக்கும்வரை சிக்கனம், துள்ளி ஓடினால் செலவு.

ஆகவே இராவணன் வெட்டைக் காட்டும்போது பாறைப் பிளவின் இரண்டு சுவர்களும் சட்டத்தை நிறைக்கட்டும், கடல் கீழே ஒரு கீற்றாகத் தெரிந்தால் போதும். கோயிலைப் பற்றிச் சொல்லும்போது பின்னால் வானம் இருக்கட்டும். 1950இல் நகரில் நிலத்தைத் தோண்டியபோது வெளிப்பட்ட திருவுருவங்களையும், 1963இல் நடந்த கும்பாபிஷேகத்தையும் சொல்ல அதுதான் இடம். கருவறைக்குள் எப்படியும் கமெரா போகாது. கடலைத் தனியாக, கடைசியில் காட்டலாம். மேலே இருந்து பறந்து காட்டினால் என்ன என்று நினைப்பவர்களுக்கு ஒரு வார்த்தை: கோட்டைக்குள் இராணுவ முகாம் இருக்கிறது, ட்ரோனுக்குச் சிவில் விமானப் போக்குவரத்து அதிகாரசபையின் அனுமதியும் வேண்டும். கையில் உள்ள போனோடு நிறுத்திக்கொள்வது நல்லது.

ஏற்றத்தில் நடக்கும்போது போன் குலுங்கும். அதற்குள் இருக்கும் நுண்ணிய சுழற்சி உணரி ஒவ்வொரு ஆட்டத்தையும் அளந்து, படத்தை எதிர்ப்பக்கம் நகர்த்தும். நகர்த்த இடம் வேண்டும் என்பதற்காக ஓரங்களை வெட்டிவிடும். கைப்பிடிக் கிம்பல் இருந்தால் சின்ன மோட்டார்களே போனை எதிர்ப்பக்கம் திருப்பும், ஓரம் மிஞ்சும். காற்றுக்கு மைக்கில் பஞ்சு உறையோ மயிருறையோ போட வேண்டும். உறை இல்லாவிட்டால் மலை உச்சியில் வழிகாட்டி சொல்லும் கதை முழுவதும் குமுறலாகத்தான் கேட்கும்.

சரி, படம் போனை விட்டுப் புறப்படுகிறது. முதல் தடை பக்கத்து டவர்தான். டவரின் பலம் வேறு, போனின் பலம் வேறு. போன் விடும் அலையின் உச்ச வலு ஏறக்குறைய 0.2 வாட். அதோடு மொபைல் வலையமைப்புகள் இறக்குவதற்கே அதிக இடம் ஒதுக்குகின்றன, ஏற்றுவதற்குக் குறைவு. அந்தக் குறைவையும் அந்த டவரின் கீழ் இருக்கும் எல்லாரும் பங்கு போட வேண்டும். திருவிழா நாளில் ஆயிரம் பேர் போனைத் தூக்கிப் பிடித்தால் என்ன நடக்கும் என்று சொல்லத் தேவையில்லை. டவரைத் தாண்டினால் கண்ணாடி இழை. கிழக்குக் கரையில் நின்று எடுத்த படம், தீவைக் குறுக்கே கடந்து கொழும்பு, மாத்தறைப் பக்கம் போய்த்தான் கடலடிக் கேபிளில் இறங்குகிறது. இழைக்குள் ஒளி செக்கனுக்கு ஏறக்குறைய 2 இலட்சம் கிலோமீற்றர் ஓடும். இலண்டன் வரை கேபிள் வளைந்து நெளிந்து 15,000 கிலோமீற்றர் என்று வைத்துக்கொண்டாலும் 75 மில்லி செக்கன்தான்.

அப்படியிருக்க, சில நேரலைகள் ஏன் 20 செக்கன் பிந்துகின்றன? தூரத்தால் இல்லை, அனுப்பும் முறையால். ஆயிரக்கணக்கானோர் பார்க்கும் பொது நேரலையில் படத்தை ஆறு செக்கன் துண்டுகளாக வெட்டிக் கோப்பாக்கி வைப்பார்கள். பார்ப்பவரின் போன் இரண்டு மூன்று துண்டை முன்கூட்டியே சேர்த்து வைத்துக்கொண்டுதான் ஓட்டத் தொடங்கும். நடுவில் கவரேஜ் போனாலும் படம் நிற்காமல் இருக்க அந்தச் சேமிப்பு உதவும். ஆனால் பேச்சு நடக்காது. அண்ணா, அந்த வலப்பக்கத் தூணைக் கொஞ்சம் காட்டுங்கோ என்று கேட்கும்போது அண்ணா தூணைத் தாண்டிப் படியேறி இருப்பார்.

கேள்வி பதிலோடு நடக்கும் சுற்றுலாவுக்கு வீடியோ அழைப்பின் முறைதான் சரி. அதில் துண்டும் இல்லை, சேமிப்பும் அநேகமாக இல்லை. படம் சிறு பொட்டலங்களாகப் பாயும், தொலைந்த பொட்டலத்துக்காக மற்றவை காத்து நிற்பதில்லை. ஒருவழித் தாமதம் 150 மில்லி செக்கனுக்குள் இருந்தால் பேச்சு இயல்பாக இருக்கும் என்பது சர்வதேச தொலைத்தொடர்பு ஒன்றியத்தின் கணக்கு. இதற்கு விலையும் உண்டு. தொலைந்தது மாற்றக் குறிப்பு என்றால், அதை நம்பி வரும் அடுத்த குறிப்புகள் எல்லாம் பிழைத்துவிடும். மானின் கால் மதிலில் ஒட்டிக்கொண்டு இழுபடுவது போலத் தெரிவது அதனால்தான். புதிய முழுப்படம் வந்ததும் சரியாகிவிடும்.

நகருக்கு வெளியே இருக்கும் கன்னியா வெந்நீரூற்றைப் பற்றிச் சுருக்கமாக: ஏழு கிணறும் அழகாகத் தெரியும், படம் உடையாது, ஆனால் காண வேண்டியது அங்கே படத்தில் இல்லை. ஒவ்வொன்றிலும் சூடு வேறு. கையில் ஒரு வெப்பமானியைக் கொண்டுபோய் ஒவ்வொரு கிணற்றிலும் இறக்கிக் காட்டினால் பிள்ளைகள் விடாமல் பார்ப்பார்கள்.

கடைசியாக ஓர் இடம் மிச்சம். 1956இல் அறிவியல் புனைகதை எழுத்தாளர் ஆர்தர் சி. கிளார்க்கும் அவருடைய தோழர் மைக் வில்சனும் சுவாமி மலையடியில் மூழ்கி, பழைய கோயிலின் செதுக்கிய கற்களைக் கடலுக்குள் கண்டார்கள். இதே கிளார்க்தான் 1945இல், பூமியோடு சேர்ந்து சுற்றும் செய்மதிகளால் உலகம் முழுவதற்கும் ஒலி, ஒளிபரப்புச் செய்யலாம் என்று எழுதியவர். அந்தச் செய்மதிகள் 35,786 கிலோமீற்றர் உயரத்தில் நிற்கின்றன. ஏறி இறங்க ஏறக்குறைய கால் செக்கன். கேள்விக்கும் பதிலுக்கும் சேர்த்து அரைச் செக்கன். 550 கிலோமீற்றர் அளவில் பறக்கும் புதிய செய்மதிகளில் இந்தத் தொல்லை இல்லை. ஆனால் அவர் கண்ட கற்களுக்கு நேரலை கொண்டுபோக எந்தச் செய்மதியாலும் முடியாது. உப்பு நீர் மின்சாரம் கடத்தும், வைஃபை அலையைச் சில சென்ரிமீற்றருக்குள்ளேயே விழுங்கிவிடும். மூழ்குபவரின் கமெராவில் இருந்து மேலே படகு வரை கேபிள் இழுத்துத்தான் ஆக வேண்டும், படகில் இருந்துதான் டவருக்கு அனுப்பலாம். கூடவே ஒரு விளக்கும் வேண்டும். ஐந்தாறு மீற்றர் ஆழத்திலேயே வெயிலின் சிவப்பு பெரும்பாலும் போய்விடும், விளக்கில்லாமல் காட்டினால் தூணும் மீனும் பாசியும் ஒரே பச்சை நீலமாகத்தான் வரும். அலையில்லாத மாதமாகப் பார்த்து இறங்குவதும் முக்கியம். திருகோணமலையில் அது ஏறக்குறைய மேயில் இருந்து செப்ரெம்பர் வரை.