பைபாஸ் முடிந்தது, நோய் முடியவில்லை: நடிகர் எவ்கேனி லியோனவ்

1994 ஜனவரி 29. மாஸ்கோவின் லென்காம் அரங்கில் அன்று மாலை நாடகம். எவ்கேனி லியோனவ் வீட்டிலிருந்து கிளம்பிக்கொண்டிருந்தபோதே சரிந்து இறந்தார். வயது 67. பைபாஸ் செய்துகொண்டு ஐந்தரை ஆண்டுகள்தான் ஆகியிருந்தன. செய்தி கேட்ட ரசிகர்கள் டிக்கெட்டைத் திருப்பித் தரவில்லை. மெழுகுவத்தி ஏற்றி அரங்க வாசலில் நின்றார்கள்.

சோவியத் சினிமா கண்ட மிகச் சிறந்த குணச்சித்திர நடிகர்களில் ஒருவர். 1926இல் மாஸ்கோவில் பிறந்தார். போர்க்காலத்தில், சிறுவனாக இருக்கும்போதே விமானத் தொழிற்சாலையில் வேலை பார்த்தார். குட்டை உருவம், பருத்த உடம்பு, வட்ட முகம். 1961இல் வந்த ஒரு படத்தில், புலிகளை ஏற்றிவரும் கப்பலில் புலிப் பயிற்சியாளராக வேஷம் போடும் சமையல்காரராக நடித்து நாடு முழுக்கச் சிரிக்க வைத்தார். மூன்றே ஆண்டில், ‘தோன் கதை’ படத்தில் கைக்குழந்தையைத் தூக்கிச் சுமக்கும் போர்வீரனாக வந்து அழவும் வைத்தார். அந்தத் தாவலை வேறு நடிகரிடம் காண்பது அரிது. 1969 கார்ட்டூனில் வின்னி கரடிக்குக் குரல் கொடுத்தவரும் இவரே. பதிவான குரலைச் சுமார் 30% வேகப்படுத்தினார்கள்.

1988இல் நாடகக் குழுவோடு ஜெர்மனி போனபோது ஹாம்பர்கில் பெரிய மாரடைப்பு. இதயம் நின்றது, மீட்டார்கள், பைபாஸ் செய்தார்கள். சில மாதங்களில் மேடைக்குத் திரும்பினார். பால்காரர் தேவ்யே என்ற பெரிய வேடத்தை ஏற்றதும் அதன் பிறகு, 1989இல்தான். கடைசி நாளன்று நடிக்க இருந்ததும் அதே வேடம்.

பைபாஸ் என்பது அடைப்பைச் சுற்றிப் போடும் மாற்றுப் பாதை. கொழுப்புப் படியும் நோய் அப்படியே இருக்கும். அந்தப் பாதைக்காக மார்பிலிருந்து எடுக்கும் தமனி பத்தாண்டுக்குப் பிறகும் பத்தில் ஒன்பது பேருக்குத் திறந்திருக்கும். காலிலிருந்து எடுக்கும் சிரைகளில் ஏறக்குறைய பாதி அதற்குள் அடைத்துவிடும். மாரடைப்பில் செத்த தசை தழும்பாகி, இதயத் துடிப்பைத் திடீரெனத் தாறுமாறாக்கவும் கூடும். அதனால்தான் எக்கோ எனும் இதய ஸ்கேன் பரிசோதனையில் இதயம் இரத்தத்தை வெளித்தள்ளும் அளவைப் பார்க்கிறோம். மருந்து கொடுத்து மூன்று மாதமாகியும் அது 35 சதவீதத்தைத் தாண்டாவிட்டால், அதிர்ச்சி கொடுத்துத் துடிப்பைச் சீராக்கும் கருவியை உடம்பில் பொருத்துவது பற்றி மருத்துவரிடம் கேளுங்கள்.

பலர் தவறுவது ஒரே இடத்தில்: நெஞ்சுவலி போனதும் மாத்திரையை நிறுத்துகிறார்கள். இரத்தம் உறையாமல் தடுக்கும் ஆஸ்பிரினும், கொழுப்பைக் குறைக்கும் ஸ்டாட்டினும் பெரும்பாலோருக்கு ஆயுள் முழுக்க வேண்டும். வயிறு எரிகிறது, தசை வலிக்கிறது என்றால் மருந்தையோ அளவையோ மாற்றிக்கொள்ளலாம், நீங்களாக விட்டுவிடக் கூடாது.

வீட்டில் இருப்பவர்களுக்கு: தாடை வலி, இடக்கை வலி, குளிர்ந்த வியர்வை, மூச்சுத் திணறல் இருந்தால் நெஞ்சுவலிக்காகக் காத்திருக்காதீர்கள். சர்க்கரை நோயாளிக்கு வலியே வராமல் போகலாம். நினைவிழந்து, மூச்சும் சரியாக இல்லையென்றால் ஆம்புலன்ஸைக் கூப்பிட்டுவிட்டு, ஸ்பீக்கரில் போனை வைத்து, மார்பு நடுவில் 5 முதல் 6 செ.மீ. ஆழம் அழுத்துங்கள். நிமிடத்துக்கு 100 முதல் 120 முறை. ஒவ்வொரு அழுத்தத்துக்கும் பிறகு மார்பு முழுக்க மேலெழ வேண்டும். இரண்டு நிமிடத்துக்கு ஒருமுறை ஆள் மாறுங்கள். சோர்ந்த கை ஆழமாக அழுத்தாது.