கம்பைல்: தொகுப்பதா, பெயர்ப்பதா?

“சோர்ஸ்ல இருந்து கம்பைல் பண்ணிக்கோங்க.” லினக்ஸ் பயன்படுத்தும் யாரிடமாவது ஒரு மென்பொருளின் புதிய பதிப்பு வேண்டும் என்று கேட்டால் பெரும்பாலும் இந்தப் பதில்தான் வரும். இதில் ‘சோர்ஸ்’ சிக்கலில்லை. மூலம், மூலநிரல் என்றால் எல்லாருக்கும் புரிகிறது. அந்த மூலநிரலைக் கணினி ஓட்டக்கூடிய வடிவுக்குக் கொண்டுவரும் ‘கம்பைல்’தான் தமிழில் இன்னும் ஓரிடத்தில் உட்காரவில்லை. தொகுத்தல், நிரல்பெயர்ப்பு, மொழிமாற்றம் என்று ஆளுக்கொன்று எழுதுகிறோம். அதைச் செய்யும் கருவியான கம்பைலருக்கும் அப்படியே தொகுப்பி, நிரல்பெயர்ப்பி, மொழிமாற்றி என மூன்று பெயர். எதை எங்கே வைப்பது என்று தெரிய, அந்தச் சொல் வந்த வழியைப் பார்க்க வேண்டும்.

லத்தீனில் ‘கொம்பிலாரே’ என்றால் கொள்ளையடித்தல். பிறர் எழுத்தை அள்ளித் தன் நூலில் போட்டுக்கொள்பவரைத் திட்டவும் இந்தச் சொல் பயன்பட்டது. 636இல் மறைந்த செவில் நகரத்து ஆயர் இசிதோர் இதற்கு அழகான விளக்கம் சொல்லியிருக்கிறார்: வண்ணம் விற்பவர்கள் பலவற்றையும் உரலில் போட்டு இடித்துக் கலப்பதுபோல, பிறர் சொல்லைத் தன் சொல்லோடு கலப்பவர். பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்து நிலைத்தபோது வசை போய்விட்டது. பல இடத்திலிருந்து திரட்டி ஒரு நூலாக்குதல் என்ற பொருள் தங்கியது. அது நம்முடைய தொகுத்தலேதான். அகநானூறும் புறநானூறும் நமக்குக் கிடைத்தது அப்படி யாரோ தொகுத்ததால்தான்.

கணினிக்குள் இந்தச் சொல்லைக் கொண்டுவந்தவர் கிரேஸ் ஹாப்பர். 1952 வாக்கில் யூனிவாக் கணினிக்காக அவர் எழுதிய ‘ஏ-0’ என்ற நிரல், காந்த நாடாவில் எண்ணிட்டு வைத்திருந்த துணைநிரல்களைத் தேவைக்கேற்ப எடுத்து வரிசைப்படுத்தி ஒரே நிரலாக்கியது. அந்தத் துணைநிரல் நூலகத்திலிருந்து எடுத்துத் திரட்டுவதால் அதற்குக் கம்பைலர் என்று பெயர் வைத்தார். பெயர் வேலைக்கு அப்படியே பொருந்தியது. அப்புறம் 1957இல் ஐபிஎம் நிறுவனத்தின் ஃபோர்ட்ரான் வந்தது. மனிதர் படிக்கும் சூத்திரத்தை இயந்திர மொழிக்குப் பெயர்ப்பதே அதன் பெரிய வேலை. வேலை மாறியும் பெயர் மாறவில்லை. நம் குழப்பத்துக்கு வேர் இங்கேதான் இருக்கிறது.

சரி, இப்போது ஒரு கம்பைலை நேரில் பார்ப்போம். இமேஜ்மேஜிக் என்ற கட்டற்ற மென்பொருளை எடுத்துக்கொள்கிறேன். 24 பிட் வண்ணப் படங்களை 256 வண்ணம் மட்டுமே காட்டும் திரைக்கு ஏற்றபடி மாற்ற, டூபாண்ட் நிறுவனத்தில் வேலை பார்த்த ஜான் கிறிஸ்டி 1987இல் தொடங்கியது. 1990இல் எல்லாருக்கும் இலவசமாகக் கிடைத்தது. பெரும்பகுதி சி மொழியில் எழுதப்பட்டது.

மூலநிரலை இறக்கி விரித்தபின் முதல் கட்டளை ‘கன்ஃபிகர்’. இது நம் கணினியில் என்னென்ன இருக்கிறது என்று ஒவ்வொன்றாகத் தட்டிப் பார்த்து, கடைசியில் ஒரு பட்டியல் தரும். ஜேபெக், பிஎன்ஜி, டிஃப் போன்ற வடிவங்களைப் படிக்கும் வெளி நூலகங்களை இமேஜ்மேஜிக் ‘டெலிகேட்’ என்கிறது. பேராளர் என்று சொல்லலாம். பட்டியலில் ஒவ்வொரு பேராளருக்கும் எதிரே ‘எஸ்’ அல்லது ‘நோ’ இருக்கும். கைப்பேசிப் படங்களை மாற்றுவதற்காக ஒருமுறை தொகுத்தேன். அந்தப் படங்களின் வடிவமான எச்இஐசி வரிசையில் ‘நோ’ இருந்ததைக் கவனிக்காமல் மேலே போய்விட்டேன். எல்லாம் பிழையின்றி முடிந்தது. படத்தைக் கொடுத்ததும், இந்த வடிவத்துக்குப் பேராளர் இல்லை என்று நின்றுவிட்டது. அதைப் படிக்கும் ‘லிப்ஹைஃப்’ நூலகத்தின் ‘டெவ்’ பொதியை, அதாவது தொகுக்கும்போது தேவைப்படும் கோப்புகள் உள்ள பொதியை, நிறுவி முதலிலிருந்து செய்ய வேண்டியதாயிற்று. கன்ஃபிகர் முடிந்ததும் அந்தப் பட்டியலைப் படித்துவிட்டுத்தான் அடுத்த கட்டளைக்குப் போக வேண்டும்.

அடுத்தது ‘மேக்’. திரையில் வரிவரியாக ஓடும். பெரும்பாலான வரிகளின் தொடக்கத்தில் ‘சிசி’ என்று இருக்கும். பக்கத்தில் ஒரு கோப்பின் பெயர். படத்தின் அளவை மாற்றும் ‘ரீசைஸ்’ கோப்பும் அதில் ஒன்றாகக் கடந்து போகும். ஒவ்வொரு சிசி வரியிலும் ஒரு சி கோப்பு இயந்திர மொழிக்குப் பெயர்க்கப்படுகிறது. இடையிடையே ‘சிசிஎல்டி’ என்று சில வரிகள் வரும். அதுவரை பெயர்த்து வைத்த துண்டுகளையும் வெளி நூலகங்களையும் பிணைத்து ஒன்றாக்கும் இடம் அது. ஹாப்பரின் பழைய பொருள் இந்த வரியில்தான் இன்னும் உயிரோடு இருக்கிறது!

இதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குத் தொல்காப்பிய மரபியல் நினைவுக்கு வரும். ஒரு முதல்நூலிலிருந்து பிறக்கும் வழிநூல் நான்கு வகை என்கிறது அது: “தொகுத்தல் விரித்தல் தொகைவிரி மொழிபெயர்த்து”. ஒரு சி கோப்பு முதலில், வேறிடத்தில் உள்ள நிரல்களை அறிமுகப்படுத்தும் தலைப்புக் கோப்புகளையெல்லாம் உள்ளே இழுத்துப் பல்லாயிரம் வரியாக விரிகிறது. பிறகு மொழிபெயர்கிறது. பிறகு தொகுப்பில் சேர்கிறது. நூல் எழுதுவோருக்குச் சொன்ன இலக்கணம்தான். ஆனால் ஒரு மூலத்திலிருந்து இன்னொன்று பிறக்கும் வழிகளுக்குத் தமிழில் இவ்வளவு துல்லியமான சொற்கள் கைவசம் இருக்கும்போது, எல்லாவற்றையும் ‘கம்பைல்’ என்ற ஒன்றுக்குள் அடைப்பது எனக்கு வருத்தமாக இருக்கிறது.

என் முடிவு இது. கன்ஃபிகர் தொடங்கி நிறுவுவதற்கு முன்வரை நடக்கும் முழு வேலைக்கும் ‘மூலத்திலிருந்து தொகுத்தல்’. சிசி என்ற கருவிக்கு நிரல்பெயர்ப்பி. அது செய்வது பெயர்த்தல். சிசிஎல்டி செய்வது பிணைத்தல். மொழிமாற்றி வேண்டாம், மனித மொழிகளை மாற்றும் கருவியையும் அப்படித்தான் அழைக்கிறோம். தொகுத்தலிலும் ஒரு இடைஞ்சல் உண்டு: தமிழ் விக்கிப்பீடியாவில் கட்டுரையைத் திருத்தும் பொத்தானின் பெயர் ‘தொகு’. அதனால்தான் ‘மூலத்திலிருந்து’ என்பதைச் சேர்த்தே சொல்கிறேன்.

பிழை வரும்போதும் இந்தப் பிரிவினை உதவும். ‘ஜேபெக்லிப்’ தலைப்புக் கோப்பைக் காணோம் என்று வந்தால் பெயர்ப்பில் பிழை. டெவ் பொதியை நிறுவ வேண்டும். ஏதோ ஒரு பெயருக்கு ‘அன்டிஃபைன்ட் ரெஃபரன்ஸ்’ என்று வந்தால் பிணைப்பில் பிழை. நூலகமோ அதன் பதிப்போ பொருந்தவில்லை. தொகுத்து நிறுவியபின் ‘மேஜிக்கோர்’ நூலகத்தைத் திறக்க முடியவில்லை என்றால் இரண்டுமே இல்லை. நூலகங்கள் எங்கே இருக்கின்றன என்ற பட்டியலைப் புதுப்பிக்கும் ‘எல்டிகன்ஃபிக்’ கட்டளையை ஒருமுறை நிர்வாகி உரிமையோடு ஓட்டினால் பெரும்பாலும் சரியாகிவிடும்.