சேர்வராயன் மலையில் காலம் பின்தங்கும் குகை இருந்தால்

சேர்வராயன் கோயிலே ஒரு குகைக்குள்தான் இருக்கிறது என்பதால் சேலத்துக்காரர்களுக்குக் குகைக் கதைகள் புதிதல்ல. நாமும் ஒன்றைச் சேர்த்துக்கொள்வோம். ஏற்காட்டின் காப்பித் தோட்டம் ஒன்றின் ஓரத்தில், சில்வர் ஓக் மரங்களுக்குப் பின்னால், பத்து மீட்டர் நீளக் குகை ஒன்று இருக்கிறது. அதன் கடைக்கோடியில் ஒரு நாள் முழுதும் கிடந்த கடிகாரம், வாசலில் இருந்ததைவிட ஒரே ஒரு நொடி பின்தங்கிவிடுகிறது. முழுக் கற்பனைதான். ஆனால் இயற்பியல் இதை எடுத்த எடுப்பிலேயே தள்ளிவிடாது, ஏனெனில் இடத்துக்கு இடம் காலத்தின் வேகம் மாறுவது அதற்கு அன்றாடச் செய்தி.

சேலத்திலிருந்து ஏற்காட்டுக்கு ஓர் ஒளிக்கற்றையை அனுப்புவதாகக் கொள்வோம். புவியீர்ப்பை எதிர்த்து மேலேறும் ஒளி ஆற்றலை இழக்கிறது. ஆற்றல் குறைந்தால் அதன் அதிர்வெண்ணும் குறையும். ஆனால் புறப்பட்ட அலைமுகடுகளில் ஒன்றுகூட வழியில் தொலைந்துபோக முடியாது. கீழே ஒரு நொடிக்கு இத்தனை என்று எண்ணி அனுப்பியவை மேலே ஒரு நொடிக்குச் சற்றுக் குறைவாக வந்துசேர்கின்றன என்றால், மேலேயுள்ள கடிகாரம் வேகமாக ஓடுகிறது என்றே பொருள். 1960இல் ஹார்வர்டு பல்கலைக்கழகத்தில் இயற்பியலாளர்கள் பவுண்டும் ரெப்காவும் 22.5 மீட்டர் உயரத்துக்குள்ளேயே இந்த மாற்றத்தை அளந்துகாட்டினர்.

சேலத்துக்கும் ஏற்காட்டுக்கும் உயர வேறுபாடு ஏறத்தாழ 1,200 மீட்டர். கணக்கிட்டால் ஏற்காட்டுக் கடிகாரம் நாளொன்றுக்குச் சுமார் 11 நானோ நொடி (ஒரு நானோ நொடி என்பது நொடியின் நூறு கோடியில் ஒரு பங்கு) முந்துகிறது; அந்த நேரத்தில் ஒளியே மூன்றேகால் மீட்டர்தான் போகும். எண்பது ஆண்டுகள் மலையிலேயே வாழ்ந்தவர், அதே நாளில் சேலத்தில் பிறந்தவரைவிட ஒரு நொடியின் மூவாயிரத்தில் ஒரு பங்கு மூத்தவராகியிருப்பார்.

இதைச் சுவர்க் கடிகாரத்தைக் கொண்டு சோதிக்க நினைப்பவர் ஏமாந்துபோவார். அதிலுள்ள குவார்ட்ஸ் படிகம் 25 டிகிரி செல்சியஸை ஒட்டித்தான் சரியாக அதிரும். குளிர்ந்தாலும் சூடேறினாலும் தளரும். மார்கழிக் குளிரில் 15 டிகிரிக்கு இறங்கிய அறையில் அது நாளொன்றுக்குச் சுமார் 0.3 நொடி பின்தங்கும். ஐன்ஸ்டைனின் பொதுச் சார்பியல் கோட்பாடு சொன்ன திசைக்கு நேர் எதிராக, அதைவிட இரண்டு கோடி மடங்குக்கும் மேலான பிழை இது. ஆகவே அணுக் கடிகாரம்தான் வேண்டும். 2005இல் அமெரிக்காவில் ஓர் ஆர்வலர், பிள்ளைகளோடு மூன்று சீசியம் கடிகாரங்களையும் வண்டியில் ஏற்றிக்கொண்டு ரெய்னியர் மலைக்கு விடுமுறைக்குப் போனார். ஏறத்தாழ இரண்டு நாள் கழித்து வீடு திரும்பியபோது அவை வீட்டிலிருந்த கடிகாரங்களைவிட இருபது நானோ நொடிக்கு மேல் முந்தியிருந்தன.

இனி நம் குகைக்குத் திரும்பலாம். பொருள்கள் கீழே விழுவதும் கீழே காலம் மெதுவாக ஓடுவதும் தனித்தனி நிகழ்வுகள் அல்ல. காலத்தின் வேகம் எந்தத் திசையில் குறைகிறதோ அந்தத் திசையில்தான் எல்லாம் விழுகின்றன. 1,200 மீட்டருக்கு 11 நானோ நொடி என்ற இந்த அற்பச் சரிவுதான் மரத்திலிருந்து நழுவும் பலாப்பழத்தைத் தரையில் மோதிப் பிளக்கச் செய்கிறது. அப்படியானால் பத்தே மீட்டருக்கு ஒரு நொடி என்ற சரிவு என்ன செய்யும்? குகையின் உட்புறம் நோக்கிய இழுவிசை புவியீர்ப்பைப் போல ஆயிரம் கோடி மடங்கு இருக்கும். ஐம்பது கிராம் கைக்கடிகாரம் ஐந்து லட்சம் டன் எடையாகும். வாசலில் கால் வைத்தவர், ஒரு நொடியின் லட்சத்தில் ஒன்றரைப் பங்கு நேரத்துக்குள் கடைசிச் சுவரில் மோதியிருப்பார். காலம் பின்தங்கியதை அவர் உணர வாய்ப்பே இல்லை. கதைகளில் இத்தகைய இடங்களுக்குள் மனிதர்கள் நிதானமாக நடந்துபோய்த் திரும்புவதுதான், என் பார்வையில், கால முறுக்கைவிடப் பெரிய அதிசயம்.

அந்த இழுவிசைக்கு நிலவைவிட மிகுந்த நிறையை ஒரு வீட்டளவு இடத்துக்குள் திணிக்க வேண்டியிருக்கும். சேர்வராயன் மலையின் சார்னோக்கைட் பாறையோ தண்ணீரைப் போல ஏறத்தாழ மூன்று மடங்கு அடர்த்தி கொண்டது, அவ்வளவுதான். எனவே அங்கே தேடிப் பார்க்கத் தக்க கால வேறுபாடு என்பது உயரம் தருகிற அந்த நானோ நொடிகள்தாம். ஒரு மில்லிமீட்டர் உயரத்துக்குள்ளேயே அந்த வேறுபாட்டைப் பிரித்தறிந்த ஆய்வு 2022இல் கொலராடோவிலிருந்து வெளிவந்தது. அந்த நுட்பம் கொண்ட கடிகாரத்தை அடிவாரத்திலிருந்து மேலே கொண்டுபோனால், முதல் கொண்டை ஊசி வளைவுக்கு வெகுமுன்பே, ஓட்டுநர் கியர் மாற்றுவதற்குள், சாலை மேடேறிவிட்டதை அது பதிவுசெய்திருக்கும்.